ஏ. கே. செட்டியார்

ஏ. கே. செட்டியார் (1911 - 1983) தமிழகத்தைச் சேர்ந்த ஒளிப்படக் கலைஞர், இதழாசிரியர், பயண நூலாசிரியர் ஆவார். மகாத்மா காந்தியைப் பற்றிய முதல் முழுநீள ஆவணப்படத்தை 1940இல் உருவாக்கியவர். 'உலகம் சுற்றிய தமிழன்' என்று அறியப்படுகிறார். தமிழில் பயண இலக்கியத்தின் முன்னோடிகளுள் ஒருவராகவும், 'குமரி மலர்' என்ற மாத இதழை நாற்பது ஆண்டுகள் நடத்தியவராகவும் இவர் பெரிதும் குறிப்பிடப்படுகிறார். படக்கருவியைக் கையாளும் கலையைச் சப்பானிலும் அமெரிக்காவிலும் முறையாகப் பயின்றவர். எனினும் திரைப்படத் துறையில் இவருடைய பெரும்பணி, தாம் படம்பிடித்தவற்றைக் காட்டிலும் பிறர் படம்பிடித்துக் கைவிட்டவற்றைத் தேடிப் பிடித்துத் தொகுத்ததிலேயே அமைந்தது. இக்கட்டுரை அப்பணியை விரிவாகவும், அவருடைய எழுத்துப் பணியைச் சுருக்கமாகவும் கூறுகிறது.

இளமையும் பயிற்சியும்

இவருடைய முழுப்பெயர் கருப்பன் செட்டியார். செட்டிநாட்டுப் பகுதியிலுள்ள கோட்டையூரில் நகரத்தார் குடும்பத்தில் பிறந்தார். பள்ளிக் கல்வியைத் திருவண்ணாமலையில் பெற்றார். அக்கால நகரத்தார் இளைஞர் பலரைப் போலவே இவரும் பர்மாவுக்குச் சென்றார். ஆனால் அங்கே இவருடைய பெயரை நிலைநிறுத்தியது வட்டித் தொழில் அன்று. 1930களின் முற்பகுதியில் இரங்கூனிலிருந்து வெளிவந்த 'தனவணிகன்' இதழின் ஆசிரியராக இவர் பணியாற்றினார். அப்போது இவருக்கு வயது இருபதை ஒட்டியே இருந்தது.

அங்கிருந்து சப்பான் சென்று தோக்கியோவில் ஒளிப்படக் கலை பயின்றார். அந்நாட்டில் கண்டவற்றை 'ஜப்பான்' என்ற நூலாக எழுதினார். பின்னர் அமெரிக்கா சென்று நியூயார்க்கிலுள்ள ஒளிப்படக் கல்லூரியில் 1937இல் பட்டயப் படிப்பை முடித்தார். சென்னைத் திரைப்பட நிலையங்களில் அக்காலத்தில் பணியாற்றிய தொழில்நுட்பக் கலைஞர்களுட் பலர் அனுபவத்தாலேயே தொழில் கற்றவர்கள். ஒருவர் தம் செலவில் இரு கண்டங்களுக்குச் சென்று இக்கலையைப் பயின்று வருவது அந்நாளில் அரிய செயலாகும்.

செய்திப்படம்: அன்றைய நிலை

செட்டியாரின் பணியை விளங்கிக்கொள்ள, தொலைக்காட்சிக்கு முந்திய செய்திப்படத் தொழிலைப் பற்றிச் சிறிது அறிதல் வேண்டும். பிரான்சின் பாத்தே நிறுவனம் 1908 அளவில் தொடங்கிய செய்திப்படம் விரைவில் பிரித்தானியாவிலும் அமெரிக்காவிலும் பரவியது. திரையரங்குகளில் முதன்மைப் படத்துக்கு முன் ஏறத்தாழ 10 நிமிடங்களுக்கு உலகச் செய்திகள் காட்டப்பட்டன. ஒவ்வொரு செய்திக்கும் கிடைப்பது ஓரிரு நிமிடங்களே. பாத்தே, கோமாண்ட், மூவிடோன் முதலிய நிறுவனங்கள் தம் ஒளிப்பதிவாளர்களை உலகெங்கும் அனுப்பிவைத்தன. அமெரிக்காவின் பெல் அண்டு அவல் நிறுவனம் உருவாக்கிய ஐமோ என்ற கைக்கருவி இத்தொழிலுக்கெனவே அமைந்தது போன்றது. முடுக்குவில்லால் இயங்கும் அதில் 100 அடிப் படச்சுருளைப் பொருத்தலாம். ஒலிப்பட வேகத்தில் அது ஒரு நிமிடத்துக்குச் சற்று மிகுதியாக ஓடும். அதற்குள் ஒரு நிகழ்ச்சியின் தொடக்கம், கூட்டம், தலைவரின் முகம் ஆகிய மூன்றையும் பிடித்துவிட வேண்டும்.

செய்திப்படத்தின் ஆயுள் ஒரு வாரம். அதன் பிறகு அது தகரப் பெட்டியில் கிடங்குக்குச் செல்லும். அந்தக் கிடங்குகளில்தான் காந்தி உலகெங்கும் சிதறிக் கிடந்தார். 1912இல் கோகலே தென்னாப்பிரிக்கா சென்றபோது எடுத்த படத்தில் மேல்நாட்டு உடையில் தோன்றும் காந்தி, 1930இல் தண்டிக்கு நடந்த காந்தி, 1931இல் வட்டமேசை மாநாட்டுக்காக இங்கிலாந்து சென்று இலங்காசயர் ஆலைத் தொழிலாளர்களுக்கு நடுவே நின்ற காந்தி என ஒவ்வொரு துண்டும் வெவ்வேறு கைகளில் இருந்தது. குசராத்தின் போர்சாத் என்ற ஊரில் 1931இல் பாக்சு மூவிடோன் நிறுவனத்தார் அவரைப் பேசவைத்தே படமெடுத்தனர். இவை அனைத்தையும் ஒருசேரப் பார்த்தவர் எவரும் இலர்.

காந்திக்குத் திரைப்படத்தில் ஆர்வம் இருந்ததில்லை. 1927இல் அமைக்கப்பட்ட இந்தியத் திரைப்படக் குழு அனுப்பிய வினாக்களுக்கு, தாம் திரைப்படக் காட்சிக்குச் சென்றதே இல்லை என்ற பொருளிலேயே அவர் விடையளித்தார். அத்தகைய ஒருவரே அந்நாளில் உலகில் மிகுதியாகப் படம்பிடிக்கப்பட்டவர்களுள் ஒருவராக இருந்தது விந்தையே.

கப்பலில் தோன்றிய எண்ணம்

1937 அக்டோபர் 2ஆம் நாள் செட்டியார் நியூயார்க்கிலிருந்து டப்ளினுக்குச் 'சமாரியா' என்ற கப்பலில் சென்றுகொண்டிருந்தார். அன்று காந்தியின் பிறந்தநாள். காந்தியின் வாழ்க்கையை ஆவணப்படமாக எடுக்கவேண்டும் என்ற எண்ணம் அன்று தமக்குத் தோன்றியதாக அவர் பின்னாளில் எழுதியுள்ளார். அப்போது அவருக்கு 26 வயதும் நிறையவில்லை. கையில் பெருமூலதனம் கிடையாது. காங்கிரசில் பதவியும் கிடையாது.

'டாக்குமெண்டரி' என்ற சொல்லே அப்போது புதியது. இசுக்காட்லாந்தைச் சேர்ந்த சான் கிரியர்சன் 1926இல் அச்சொல்லைத் திரைப்படம் தொடர்பாகப் பயன்படுத்தினார். பழைய செய்திப்படத் துண்டுகளை மட்டும் கொண்டு முழுநீளப் படம் அமைக்கும் முறைக்குச் சோவியத் ஒன்றியத்தின் எசுபீர் சூப் முன்னோடி. உரோமனோவ் அரச மரபின் வீழ்ச்சியைப் பற்றி அவர் தொகுத்த படம் 1927இல் வெளிவந்தது. சூப்புக்கு ஓர் அரசின் கிடங்குகள் திறந்திருந்தன. செட்டியாருக்கோ அத்தகைய வசதி எதுவும் இல்லை.

படச்சுருள்களைத் தேடி

இந்தியா திரும்பிய செட்டியார், இப்பணிக்காகச் சென்னையில் டாக்குமெண்டரி பிலிம்சு லிமிடெட் என்ற நிறுவனத்தைத் தொடங்கினார். பின்னர் மீண்டும் கடல் கடந்து சென்றார். ஐரோப்பாவிலும் தென்னாப்பிரிக்காவிலும் செய்திப்பட நிறுவனங்களையும் தனியார் சேகரிப்புகளையும் தேடிச் சென்று காந்தி தோன்றும் காட்சிகளைப் பெற்றார். காந்தியின் தென்னாப்பிரிக்கத் தோழர் போலக், பிரெஞ்சு எழுத்தாளர் உரோமைன் உரோலண்டு முதலியோரையும் சந்தித்தார். இப்பயணங்களின் மொத்தத் தொலைவு ஏறத்தாழ ஒரு இலட்சம் மைல் எனக் கூறப்படுகிறது. காந்தியைத் தாமும் படம்பிடித்துச் சேர்த்தார். பாரிசில் பயின்று வந்து, இந்தியாவின் முன்னணிச் செய்திப்பட ஒளிப்பதிவாளராக விளங்கிய பி. வி. பதி (1906 - 1961) இம்முயற்சியில் உடனுழைத்தார்.

பழைய படம் கேட்டுப் பெறுவது எளிய செயலன்று. எந்த நிறுவனமும் தன் மூல எதிர்ச்சுருளை வெளியே தராது. அதிலிருந்து ஒரு படி எடுத்து, அப்படியிலிருந்து வேறோர் எதிர்ச்சுருள் உருவாக்கி, அதிலிருந்து மீண்டும் படி எடுக்க வேண்டும். ஒவ்வொரு முறையும் கருமை மிகுந்து, நுண்ணிய விவரங்கள் மங்கும். கூட்டத்தின் நடுவே நிற்கும் ஒரு முகம் மூன்றாம் படியில் வெறும் வெள்ளைப் புள்ளியாகிவிடலாம்.

அக்காலப் படச்சுருள் நைத்திரேட்டால் ஆனது. எளிதில் தீப்பற்றும், பற்றினால் நீரூற்றியும் அணைக்க இயலாது. கப்பலிலும் சுங்கச் சாவடியிலும் அதற்குத் தனிக் கட்டுப்பாடுகள் இருந்தன. இத்தகைய பெட்டிகளை 1939 செப்டம்பரில் உலகப்போர் தொடங்கிய பின் கடல் வழியே கொண்டுவர முயன்றிருந்தால் அது பெரும்பாலும் நிறைவேறியிருக்காது. இரண்டு ஆண்டுகள் தாமதித்திருந்தால் இப்படமே இல்லை என்று கருத இடமுண்டு.

தொகுப்பு

இவ்வாறு திரட்டிய சுருள்களின் நீளம் ஏறத்தாழ 50,000 அடி. அதிலிருந்து ஏறத்தாழ 12,000 அடி நீளமுள்ள படம் உருவானது. 35 மி.மீ. ஒலிப்படம் நிமிடத்துக்கு 90 அடி ஓடும். ஆகவே திரட்டியதை முழுவதும் ஓடவிட்டால் ஒன்பது மணி நேரத்துக்கு மேலாகும். தொகுத்த படமோ இரண்டேகால் மணி நேர அளவினது. திரட்டிய ஒவ்வொரு நான்கு அடிக்கும் மூன்று அடியைத் தள்ளியிருக்கிறார். ஒரு இலட்சம் மைல் அலைந்து பெற்றதைத் தள்ளுவதற்கு, அதைப் படம்பிடித்ததைக் காட்டிலும் மிகுதியான துணிவு வேண்டும் என்பதைத் தொகுப்பு மேசையில் அமர்ந்தோர் அறிவர்.

தொகுப்பில் எழுந்த சிக்கல்கள் வெட்டி ஒட்டுவதோடு முடிவன அல்ல. பேசாப்படக் காலத்துச் சுருள்கள் பெரும்பாலும் நொடிக்கு 16 கட்டம் என்ற அளவை ஒட்டிக் கையால் சுழற்றி எடுக்கப்பட்டவை. ஒலிப்படமோ நொடிக்கு 24 கட்டம். பழைய சுருளை அப்படியே ஓட்டினால் எல்லோரும் ஒன்றரை மடங்கு வேகத்தில் நடப்பர். (காந்தி இயல்பிலேயே விரைவாக நடப்பவர். பழைய செய்திப்படங்களில் அவர் ஓட்டமும் நடையுமாகத் தோன்றுவதற்கு இந்தக் கணக்கும் ஒரு காரணம்.) இதைச் சரிசெய்ய வேண்டுமானால் ஒன்று விட்டு ஒரு கட்டத்தை இருமுறை அச்சிட வேண்டும். அப்போது இரண்டு கட்டங்கள் மூன்றாகி வேகம் பொருந்தும். ஆனால் அசைவில் ஒரு தயக்கம் தென்படும். மேலும், ஒலிப்படத்தில் சுருளின் ஓரத்தில் ஒரு பட்டையை ஒலித்தடம் எடுத்துக்கொள்கிறது. பேசாப்படத்தில் அந்த இடத்திலும் காட்சி இருக்கும். எனவே பழைய காட்சியை ஒலிப்படமாக்கும்போது அதன் ஓரம் மறைந்துவிடும். ஓரத்தில் நிற்பவர் எவர் என்பதைப் பொறுத்து, அது வரலாற்று இழப்பாகவும் ஆகக்கூடும்.

இவற்றினும் பெரிய சிக்கல் பொருளைப் பற்றியது. செய்திப்படங்களை எடுத்தவர்களுள் பெரும்பாலோர் மேல்நாட்டினர். காந்தியின் உடையையும் ஆட்டுப்பாலையும் வேடிக்கையாகக் காட்டிய செய்திப்படங்கள் பல. ஆங்கில அறிவிப்பாளரின் கேலிக்குரல் அவற்றின் மேல் ஓடும். அக்குரலை நீக்கி, அதே காட்சியை வேறொரு காட்சிக்கு அருகில் வைத்து, தமிழ் விளக்கவுரை சேர்த்தால் அதன் பொருளே மாறிவிடுகிறது. பேரரசின் கிடங்கிலிருந்த காட்சிகளைக் கொண்டே பேரரசை எதிர்த்தவரின் வரலாற்றைச் சொன்னது இப்படத்தின் தனிச்சிறப்பு எனலாம்.

வெளியீடு

படம் தமிழ் விளக்கவுரையுடன் 1940 ஆகஸ்டு 23 அன்று சென்னையில் வெளியிடப்பட்டது. பின்னர்த் தெலுங்கு விளக்கவுரையுடனும் வந்தது. அக்காலச் சூழலை நோக்கும்போது இந்த நாள் கவனத்துக்குரியது. 1930இல் உப்புச் சத்தியாக்கிரகத்தைக் காட்டிய படங்களைப் பம்பாய் அரசு தடை செய்தது. 1937இல் சென்னை உள்ளிட்ட மாகாணங்களில் காங்கிரசு அமைச்சரவைகள் அமைந்த பின்னரே தணிக்கை சற்றுத் தளர்ந்தது. 1939 இறுதியில் அவ்வமைச்சரவைகள் பதவி விலகின. அந்த ஆண்டில் வெளிவந்த கே. சுப்பிரமணியத்தின் 'தியாக பூமி' திரைப்படம் பின்னர்த் தடைக்கு உள்ளானது. ஆக, செட்டியார் படத்தைத் திட்டமிட்ட காலத்தில் இருந்த அரசியல் காலநிலை, அதை வெளியிட்ட காலத்தில் மாறிவிட்டிருந்தது.

போர்க்காலமும் 1942ஆம் ஆண்டின் 'வெள்ளையனே வெளியேறு' இயக்கமும் காந்தியைப் பற்றிய படத்தைத் தொடர்ந்து காட்ட இடமளிக்கவில்லை. 1947 ஆகஸ்டில், விடுதலையை ஒட்டி, இந்தி விளக்கவுரையுடன் தில்லியில் இப்படம் திரையிடப்பட்டது.

காந்தியின் மறைவுக்குப் பின் செட்டியார் அமெரிக்கா சென்று ஆங்கில வடிவம் ஒன்று உருவாகக் காரணமாக இருந்தார். 'மகாத்மா காந்தி: இருபதாம் நூற்றாண்டின் தீர்க்கதரிசி' என்று பொருள்படும் தலைப்புடன் அது 1953இல் வெளிவந்தது. இவ்வடிவத்தை இசுடான்லி நீல் இயக்கினார். குவெண்டின் இரெனால்சு என்ற அமெரிக்க இதழாளர் விளக்கவுரை வழங்கினார். மூலக் காட்சிகள் செட்டியார் திரட்டியவையே. எனினும் இது அமெரிக்கப் பார்வையாளருக்காக வேறொருவர் வெட்டி அடுக்கிய படம். 1940ஆம் ஆண்டுப் படத்தை இதைக் கொண்டு மதிப்பிடுவது, மொழிபெயர்ப்பின் சுருக்கத்தைப் படித்து மூலநூலுக்கு மதிப்புரை எழுதுவது போன்றதாகும். இணையத்தில் இவ்விரு படங்களையும் ஒன்றாகக் கருதி எழுதும் வழக்கம் பரவலாக உள்ளமையால் இங்கு இதனை அழுத்திக் கூற வேண்டியுள்ளது.

காந்தியின் வாழ்க்கையைப் பற்றிய பிற்காலத் தொகுப்புப் படங்களுள் விட்டல்பாய் சாவேரி 1968இல் உருவாக்கிய படம் பெரியது. ஐந்து மணி நேரத்துக்கு மேல் ஓடுவது. அதற்குக் காந்தி நினைவு நிதியின் ஆதரவு இருந்தது.

குமரி மலரும் நூல்களும்

1940க்குப் பின் செட்டியார் படக்கருவியை விட இதழையே தம் முதன்மைப் பணியாகக் கொண்டார். 1943இல் 'குமரி மலர்' மாத இதழைச் சென்னையிலிருந்து தொடங்கினார். அது 1983 வரை வெளிவந்தது. தற்காலப் படைப்புகளோடு, மறக்கப்பட்ட பழைய இதழ்களிலிருந்தும் நூல்களிலிருந்தும் கட்டுரைகளை எடுத்து அதில் மறுபதிப்புச் செய்துவந்தார். பாரதியைப் பற்றிய பழைய செய்திகள் பல இவ்வாறு வெளிவந்தன. ஆய்வாளர்கள் இன்றும் குமரி மலரின் பழைய இதழ்களைத் தேடுவது இக்காரணத்தாலேயே.

1968இல் வெளிவந்த 'தமிழ்நாடு' என்ற பெருந்தொகுப்பும் இவ்வகையினதே. பழந்தலைமுறையினர் எழுதிய பயணக் கட்டுரைகளைத் தேடித் திரட்டிய நூல் அது. மாட்டு வண்டியிலும் தொடக்ககால இரயிலிலும் ஊர் ஊராகச் சென்றவர்கள் கண்ட தமிழகத்தை அவர்களுடைய சொற்களிலேயே அதில் காணலாம். காந்தி படத்தில் கையாண்ட அதே முறையை இங்கே காகிதத்தில் கையாண்டிருக்கிறார்: தேடு, திரட்டு, தேர்ந்தெடு, வரிசைப்படுத்து, தன் பெயரை ஓரத்தில் வை.

அவரே எழுதிய பயண நூல்களுள் 'உலகம் சுற்றும் தமிழன்', 'பிரயாண நினைவுகள்', 'மலேயா முதல் கனடா வரை', 'அமெரிக்க நாட்டிலே', 'குடகு' முதலியவை குறிப்பிடத்தக்கவை. சிறு வாக்கியங்களும் அடங்கிய நகைச்சுவையும் இவற்றின் இயல்பு. செல்லும் நாடுகளில் தமிழர் எவ்வாறு வாழ்கின்றனர் என்பதில் அவர் தனிக் கவனம் செலுத்தினார். தம்மைப் பற்றி மிகக் குறைவாகவே எழுதினார். விழாக்களையும் பாராட்டுகளையும் அவர் நாடவில்லை. அதனால் வாழ்க்கை வரலாறு எழுத முனைவோர்க்கு அவர் கடினமானவர்.

இழப்பும் மீட்பும்

காந்தி படம் உருவான வரலாற்றைச் செட்டியார் குமரி மலரில் கட்டுரைகளாக எழுதியிருந்தார். வரலாற்றாய்வாளர் ஆ. இரா. வேங்கடாசலபதி அவற்றைத் தொகுத்துப் பதிப்பிக்க, 'அண்ணல் அடிச்சுவட்டில்' என்ற நூலாகக் காலச்சுவடு பதிப்பகம் 2003இல் வெளியிட்டது. அதன் ஆங்கில மொழிபெயர்ப்பு 2006இல் வந்தது. உலகக் கிடங்குகளில் சிதறியிருந்த காந்தியைத் தேடித் திரட்டியவரின் படம், அதன் பின் தானே தேடப்படும் பொருளாயிற்று. நூல் வெளிவந்த காலத்தில் படத்தின் படிகள் இந்தியாவில் கிடைக்கவில்லை. வேங்கடாசலபதியின் தேடலால் 1953ஆம் ஆண்டு ஆங்கில வடிவத்தின் படிகள் அமெரிக்கப் பல்கலைக்கழகச் சேகரிப்பில் இருப்பது தெரியவந்தது. தமிழ்நாட்டில் அது மீண்டும் திரையிடப்பட்டது. 1940இல் சென்னை மக்கள் பார்த்த தமிழ் வடிவமோ பல பத்தாண்டுகள் தேடியும் கிட்டாமலே இருந்தது.

இதற்குத் தனிமனிதர் எவரையும் குறைகூற இயலாது. நைத்திரேட்டுச் சுருள் வெப்பத்தாலும் ஈரத்தாலும் தானே சிதைவது. முதலில் பிசுபிசுத்து, பின் கட்டியாகி, இறுதியில் பழுப்புத் தூளாகிவிடும். சென்னை போன்ற கடற்கரை நகரில், குளிர்பதன வசதியற்ற அறையில் அது நெடுங்காலம் தாங்காது. பேசாப்படக் காலத்தில் தென்னிந்தியாவில் எடுக்கப்பட்ட படங்களுள் பெரும்பாலானவை இவ்வாறே அழிந்தன. 1931க்குப் பிந்திய தொடக்ககாலத் தமிழ்ப் பேசும் படங்களுள்ளும் பல இன்று இல்லை. இந்தியத் தேசியத் திரைப்பட ஆவணக்காப்பகம் புனேயில் தொடங்கப்பட்டது 1964இல்தான். 1940ஆம் ஆண்டுப் படத்துக்கு அது காலங்கடந்த ஏற்பாடு.

எனவே இப்படத்தை அறிய விரும்பும் மாணவர்க்கு இரண்டு வழிகள் உள்ளன. பிறர் வெட்டிய ஆங்கில வடிவத்தைப் பார்த்து, அதில் 1940க்கு முந்திய காட்சிகளைப் பிரித்தறிவது ஒன்று. செட்டியாரின் நூலைப் படித்து, எந்தக் காட்சி எந்த ஊரில் எவரிடமிருந்து கிடைத்தது என்பதை அறிவது மற்றொன்று. இவ்விரண்டையும் ஒருங்கே வைத்துக் காட்சி காட்சியாக ஒப்பிடும் ஆய்வு, திரைப்படக் கலை பயிலும் தமிழ் மாணவர் எவரும் மேற்கொள்ளத்தக்கது.